பதினேழு நாள் தொங்கிய படிக்கல்

விடியற்காலை நாலரை மணிக்குப் பொயிலரின் வாயைத் திறந்தால் முதலில் வருவது சூடல்ல, நாற்றம். முதல் நாள் எரிந்து அடங்கிய உமிச்சாம்பல் இரவு முழுக்க அடைந்து கிடந்து விடுகிற மூச்சு அது. நீண்ட இரும்புக் கொக்கியால் அதை இழுத்து வெளியே தள்ள வேண்டும். அடியில் தணல் ஒளிந்திருக்கும். காலில் விழுந்த பிறகுதான் இருப்பது தெரியும். சாம்பல் போனதும் ஒரு கடகம் உமி, அதன் மேல் கொஞ்சம் மண்ணெண்ணெய், ஒரு நெருப்புக்குச்சி. பிறகு மத்தியானம் வரை நிமிர முடியாது. உமி விறகைப் போல நின்று எரியாது. சாப்பிட அடம்பிடிக்கிற பிள்ளைக்கு ஊட்டுவது போலக் கொஞ்சம் கொஞ்சமாகக் கொடுத்துக்கொண்டே இருக்க வேண்டும். கூடினாலும் அணையும், குறைந்தாலும் அணையும்.

இருபத்தாறு வருடம் அந்த வாய்க்கு ஊட்டியவன் நான். பெயர் காலிதீன். இந்த இருபத்தாறு வருடமும் நான் முகம் சிரைத்ததில்லை. காலையில் வாயைத் திறந்து முகத்தைக் காட்டினால் தாடி தானாகப் பொசுங்கி உதிர்ந்துவிடும். இதனால் கல்முனை பஸாரில் சலூன் வைத்திருப்பவர்கள் என்னோடு கதைப்பதில்லை.

எங்கள் நெல் மில் மருதமுனைக்கும் பாண்டிருப்புக்கும் நடுவே, பெரிய வீதியிலிருந்து கடல் பக்கம் இறங்கும் ஒழுங்கையில் இருந்தது. முதலாளி அப்துல் ஹமீட் ஹாஜியார். வேலைக்காரர் பதினான்கு பேர், பெரும்பாலும் பெண்கள். தொட்டியில் ஊறிப் புளித்த நெல்லைக் கடகத்தில் அள்ளி அவிக்கிற இரும்பு அண்டாவில் கொட்டுவார்கள். ஆவி பாய்ந்து நெல் வாய் பிளந்ததும் அதைச் சீமெந்துக் களத்தில் பரப்பி, வெறுங்காலால் உழுது உழுது காய வைப்பார்கள். பங்குனி வெயிலில் மேலே சூரியன், கீழே அவித்த நெல். களத்துப் பெண்களுக்குத் தலைவி சல்மா உம்மா. அவருடைய பாதத்தில் ஒருமுறை ஆணி ஏறி, வளைந்து, வெட்கப்பட்டுத் திரும்பிப் போனதை என் கண்ணால் கண்டேன்.

இப்படியான கதைகளை நான் சொல்லிக்கொண்டே இருப்பேன். எழுபத்தெட்டுச் சூறாவளி என் சைக்கிளைத் தூக்கிக்கொண்டு போய் அம்பாறையில் வைத்ததும், மூன்றாம் நாள் எதிர்க்காற்று அதைத் திருப்பிக் கொண்டுவந்து, போகும்போது இல்லாத மணியோடு என் வாசலில் சாத்தியதும் மில்லில் எல்லோருக்கும் தெரியும். ஒருவரும் நம்பவில்லை. ஆனாலும் மாதம் ஒருமுறை சொல்லச் சொல்லிக் கேட்பார்கள். கொதிக்கிற நெல்லில் நடக்கிறவர்களுக்குக் காதுக்கு ஏதாவது வேண்டும்.

அண்டாக்களுக்கு ஆவியைத் திறந்துவிடுகிற வேலை கேதீஸ்வரியுடையது. பாண்டிருப்புப் பெண். தொண்ணூறாம் ஆண்டு யுத்தத்தில் கூட்டிக்கொண்டு போகப்பட்ட புருஷன் திரும்பி வரவில்லை. அவளுடைய அண்ணன் அழகரெத்தினமும் எங்களோடுதான், மூட்டை சுமக்கிறவன். கேதீஸ்வரி அதிகம் கதைக்க மாட்டாள். மில்லில் எல்லோரையும் போல என்னைக் காக்கா, அதாவது அண்ணன், என்றுதான் கூப்பிடுவாள். குழாயில் காதை வைத்துக் கேட்டுவிட்டுத்தான் வால்வைத் திருகுவாள். "என்ன புள்ள, குழாய் என்ன சொல்லுது?" என்றால், "காக்கா பொய் சொல்லுறாரெண்டு சொல்லுது" என்பாள்.

அந்த வருடம், தொண்ணூற்றேழில், மில்லுக்குக் கமரா வந்தது.

மருதமுனை ஜெமீல் கலியாண வீடியோ எடுக்கிறவன். கொழும்பில் ஒரு வெள்ளைக்காரனுக்கு ஆறு மாதம் கமராப் பெட்டி சுமந்திருக்கிறான். அந்த மனிதரிடம் ஒரு கிறுக்கைப் பழகிக்கொண்டு வந்துவிட்டான். கலியாணம் இல்லாத நாட்களில், கூலி இல்லாமல், வேலை செய்கிறவர்களைப் படம் பிடிப்பதுதான் அந்தக் கிறுக்கு. ஹாஜியாரிடம் போய்க் கேட்டான். தன் மில்லுக்கு ஒரு வீடியோ என்றதும் ஹாஜியார் ஓம் என்றார்.

எங்கள் ஊர்களில் வீடியோக் கமரா கலியாண வீட்டுக்கு மட்டும்தான் வரும். ஆகவே முதல் நாள் பெண்கள் எல்லோரும் கலியாணச் சாரியோடு வந்தார்கள். நான் அத்தர் பூசிக்கொண்டேன். சல்மா உம்மா தலைமையில் நெல்லின் மேல் வரிசையாக நின்று, மூச்சைப் பிடித்துக்கொண்டு, கமராவைப் பார்த்தோம். கால் வெந்தது. ஜெமீல் கமராவைத் தோளிலிருந்து இறக்கி நிலத்தைப் பார்க்கப் பிடித்துக்கொண்டு நின்றான்.

"என்ன மனே, பழுதாப் போயிட்டா?" என்று சல்மா உம்மா கேட்டார்.

"இல்ல மாமி. நீங்க வேலயச் செய்ங்க."

"அப்ப எப்ப எடுக்கிற?"

"நீங்க என்ன மறந்த பிறகு."

ஒரு மாதத்துக்கு மேல் வந்தான். ஒரே சட்டை. உமித்தூசு போகாமல் கமராவைப் பொலித்தீனால் சுற்றி, ஒரு சாக்கு மூட்டையின் மேல் வைத்து, பக்கத்தில் குந்தியிருப்பான். ஒன்றும் கேட்க மாட்டான். இப்படி நில், அப்படித் திரும்பு என்று சொல்ல மாட்டான். யாராவது சிரித்துக்கொண்டு முன்னால் வந்து நின்றால் கமரா கீழே போய்விடும். அவர் போனதும் மேலே வரும். ஒருநாள் அரை மணித்தியாலம் அவனுக்கு என் சைக்கிள் கதையை, புதிதாக இரண்டு ஊர்களைச் சேர்த்து, சொன்னேன். கடைசியில் பார்த்தால் பயல் என் வாயை எடுக்கவில்லை. உமி தள்ளுகிற கையை எடுத்துக்கொண்டிருந்தான். அவமானமாக இருந்தது. பிறகு அவனை மறந்துவிட்டோம். சாக்கோடு சாக்காகிப் போனான்.

பொயிலரின் தலையில் ஒரு வால்வு உண்டு. உள்ளே ஆவி மிஞ்சினால் தானே திறந்து ஊதி, மிஞ்சியதை வெளியே விட்டுவிடும். ஒரே சீறலாகச் சீறுவதால் பெண்கள் அதற்கு மாமி என்று பெயர் வைத்திருந்தார்கள். மாமி சீறினால் ஆவி குறையும். மறுபடி ஏறும் வரை அண்டாக்கள் காத்திருக்க வேண்டும். பெரும்போக நெல் மலைபோல வந்து குவிந்த நேரம். ஊரடங்கு எப்போது வரும் என்று தெரியாது. மத்தியானத்துக்குள் இரண்டு அவியலுக்குப் பதிலாக மூன்று வேண்டும் என்றார் ஹாஜியார். ஒரு காலையில் தராசிலிருந்து ஐந்து கிலோப் படிக்கல்லை எடுத்துக்கொண்டு, ஏணியில் ஏறி, மாமியின் கைப்பிடியில் கம்பியால் கட்டித் தொங்கவிட்டார். கட்டியதும் ஜெமீலின் பக்கம் திரும்பி, கல்லின் மேல் ஒரு கையை வைத்து, மாப்பிள்ளை மாதிரி நின்று சிரித்தார்.

"நாளையிலிருந்து நீ கட்டு, காலிதீன். வேல முடிஞ்சதும் கழட்டு" என்று இறங்கும்போது சொன்னார்.

மாமி வாயை மூடினாள். மூன்று அவியல் நடந்தது. பதினேழு நாள் நடந்தது.

பதினெட்டாம் நாள் காலை பதினொரு மணிக்கு மூன்றாவது அவியலுக்குக் கேதீஸ்வரி வால்வைத் திருகியபோது குழாய் பொருத்திலிருந்து பிய்ந்தது. நான் பத்தடி தூரத்தில் முதுகு காட்டிக்கொண்டு இருந்தேன். சத்தம் கேட்டுத் திரும்பினால் வெள்ளையாக ஒரு சுவர். சுவருக்குள்ளே அவள். அழகரெத்தினம் மூட்டையைப் போட்டுவிட்டு அதற்குள் புகுந்தான். ஜெமீலும் புகுந்தான், இருவருமாகத்தான் தூக்கிக்கொண்டு வந்தார்கள். இந்த இடத்தில் என்னிடம் சொல்ல வேறு கதை இல்லை.

மூன்றாம் நாள் ஆஸ்பத்திரியில் போய்விட்டாள்.

தொண்ணூறில் தமிழருக்கும் முஸ்லிம்களுக்கும் நடந்த கலவரத்துக்குப் பிறகு எங்கள் பெண்கள் பாண்டிருப்பு ஒழுங்கைகளுக்குள் போனதில்லை. அவர்களும் எங்கள் ஒழுங்கைக்குள் வருவதில்லை. மில்லுக்குள் மட்டும்தான் ஒரே கடகத்தில் கை வைப்போம். செத்த வீடு நடந்த அன்று சல்மா உம்மா ஒரு பெரிய கேத்தலில் பால் விடாத பிளேன்டி ஊற்றி எடுத்துக்கொண்டு, யாரிடமும் கேட்காமல், வீதியைக் கடந்து அந்த ஒழுங்கைக்குள் இறங்கினார். பின்னால் மற்றவர்கள். பந்தலுக்குள் இருந்த சனம் எழுந்து வழிவிட்டது. கேத்தலை வைத்துவிட்டு, கேதீஸ்வரியின் கால் பக்கம் குந்தியிருந்து, துணியை இழுத்துவிட்டுக்கொண்டே இருந்தார். அது ஏற்கெனவே சரியாகத்தான் கிடந்தது.

அடுத்த நாள் ஹாஜியார் என்னைக் கந்தோர் அறைக்குக் கூப்பிட்டார்.

"வா காலிதீன், இரி."

இருபத்தாறு வருடத்தில் என்னை இருக்கச் சொன்னது அதுதான் முதல் தடவை. ஆகவே நின்றேன்.

மேசையில் ஒரு கடதாசி. வாசித்துக் காட்டினார். திறக்கக் கூடாத நேரத்தில் கேதீஸ்வரி தன் கவனயீனத்தால் வால்வைத் திறந்தாள் என்றும், பொயிலரில் எந்தக் குறையும் இருக்கவில்லை என்றும் எழுதியிருந்தது. கீழே அழகரெத்தினத்துக்கு ஒரு கோடு, எனக்கு ஒரு கோடு.

"இதுல ஒண்டும் பொல்லாத சொல்லு இல்ல. கவனயீனம், அவ்வளவுதான். போனவளுக்கு இனி அதால என்ன?"

"கல்லு, ஹாஜியார்?"

"எந்தக் கல்லு?"

"மாமியில கட்டின கல்லு."

"அரிசில கல்லுக் கிடந்தாச் சொல்லு, பொறுக்கச் சொல்லுறன். வேற கல்லு இந்த மில்லுல இல்ல."

பார்த்தேன். தராசுப் பக்கத்தில் இரண்டு கிலோ இருந்தது, பத்துக் கிலோ இருந்தது. ஐந்து கிலோவுக்குரிய இடத்தில் தூசு கூடத் துடைக்கப்பட்டிருந்தது.

"நீங்க ஏறிக் கட்டினத நான் சொன்னா?"

அவர் சிரிக்கவில்லை. உண்மையாகவே இரக்கப்பட்டார் என்றுதான் நினைக்கிறேன். "சொல்லு. சைக்கிள் அம்பாறைக்குப் பறந்தத நம்பின ஆக்கள் இதையும் நம்புவாங்க."

தூசு துடைத்த அந்த இடத்தை மறுபடி பார்த்தேன்.

"இஞ்ச பாரு," என்றார், குரலைத் தாழ்த்தி. "பொயிலர்காரன் நீ. கவனயீனம் அவளுட இல்லாட்டி உன்ட. ரெண்டுல ஒண்டுதான். குழாய் ஒட்டி முடிய திங்கட்கிழமை ஆகும். அண்டைக்கு வெள்ளன வந்து ஒப்பம் வெச்சிட்டு நெருப்ப மூட்டு. மறுகா அந்தக் கலியாணப் பொடியன்ட கெசெட்டையும் வாங்கிட்டு வா."

நான் நேரே ஜெமீலிடம் போனேன். அவனுடைய ஸ்டூடியோவின் பின்னறை. பக்கத்து வளவில் தறி அடிக்கிற சத்தம் சுவரில் தட்டிக்கொண்டிருந்தது. இரண்டு கையிலும் துணிக்கட்டு. கெசெட்டைப் போட அவனால் முடியவில்லை, நான்தான் போட்டேன்.

"ஹாஜியார் ஏணியில நிக்கிறதக் காட்டு மனே."

"அது இல்ல, காக்கா."

"என்ன இல்ல?"

"ஏறும்போதே கமராவப் பாத்துப் போஸ் குடுத்தாரு. நான் கமராவ இறக்கிட்டன்."

தறி நின்று, மறுபடி தொடங்கியது.

"மறுகா என்னதான் இரிக்கி?"

"கல்லு இரிக்கி. பதினேழு நாளும் இரிக்கி. ரெண்டாம் நாளிலிருந்து கட்டுறது நீங்க."

போட்டுக் காட்டினான். என் கையை நான் அதற்கு முன் வெளியிலிருந்து பார்த்ததில்லை. ஏணியில் ஏறுகிறது. கம்பியை இரண்டு சுற்றுச் சுற்றுகிறது. இழுத்துப் பார்க்கிறது. அடுத்த நாள் அதே ஏணி. அதற்கடுத்த நாள் அதே கை. எவ்வளவு அக்கறையாகக் கட்டியிருக்கிறேன்.

"பன்னிரண்டாம் நாள் ஒண்டு இரிக்கி. நீங்க பாக்கத்தான் வேணும்" என்றான் ஜெமீல்.

படத்தில் கேதீஸ்வரி குழாயில் காதை வைத்துக்கொண்டு நிற்கிறாள். நிமிர்கிறாள். "காக்கா, அந்தக் கல்லக் கழட்டுங்க. குழாய் நடுங்குது" என்கிறாள். தெளிவாகக் கேட்கிறது. அதன் பிறகு என் குரல். "அதுக்குக் காய்ச்சல் புள்ள. தண்ணியோட ரெண்டு பனடோல் கலந்து ஊத்தின நான். நாளைக்கு வேர்த்து இறங்கும்." களத்தில் எல்லோரும் சிரிக்கிறார்கள். கேதீஸ்வரியும் சாரித்தலைப்பை வாயில் வைத்துச் சிரிக்கிறாள். சிரித்து முடிந்ததும் மறுபடி குழாயைப் பார்க்கிறாள். கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு வால்வைத் திருகுகிறாள்.

எனக்கு அது ஞாபகமே இல்லை. ஒரு நாளைக்கு எத்தனையோ சொல்கிறவன் நான். ஒரு பெண் தன் உயிரைக் கேட்டதும், நான் பனடோல் கொடுத்ததும் என் மனதில் ஒரு கீறல் கூட இல்லாமல் போயிருந்தது.

"இத வெட்டலாம்," என்றான் ஜெமீல். "கலியாணத்துல வெட்டுறமாதிரி. உங்கட கையும் இல்லாம, கதையும் இல்லாம. கல்லும் அவட குரலும் மட்டும் இரிக்கும்."

ஆசையாக இருந்தது. இல்லை என்று சொன்னால் அதுவும் ஒரு கதையாகிவிடும்.

"வெட்டினா அவ யாரோட கதைக்கிறா?"

"ஒருத்தரோடும் இல்ல."

"அப்ப தனியக் கதைச்சித் திரிஞ்ச பொம்புளயெண்டு ஹாஜியார் அதையும் கடதாசில எழுதுவாரு. வெட்டாத."

அவன் கட்டுப் போட்ட கைகளை மடியில் வைத்துக்கொண்டு சொன்னான்: "நானும் பதினேழு நாள் பாத்தன், காக்கா. வெயில் அந்தக் கல்லுல எப்பிடி விழுதெண்டு பாத்தன். கேக்கவும் மாட்டன், சொல்லவும் மாட்டன், அதுதான் என்ட வேல எண்டு இரிந்தன்."

வெள்ளிக்கிழமை மில் மூடியிருக்கும். ஜும்ஆத் தொழுகை முடிந்து, சாப்பாடும் முடிந்து, சல்மா உம்மாவின் வீட்டில் கூடினோம். பதின்மூன்று பேரில் இருவர் வரவில்லை. பயம் ஒரு குற்றமல்ல. அழகரெத்தினம் கதவடியில் நின்றான். அவனுடைய கழுத்தும் ஒரு பக்கக் கன்னமும் உரிந்திருந்தன. ஹாஜியாரின் கடதாசி அவனுக்கும் போயிருந்தது. இன்னும் ஒப்பம் வைக்கவில்லை.

முதலில் நான் எழுந்து சொன்னேன். கல்லைக் கட்டச் சொன்னது யார், கட்டியது யார், ஹாஜியார் என்னிடம் என்ன கேட்டார் என்பதையெல்லாம் சொன்னேன். அலங்காரம் ஒன்றும் இல்லாமல் கதைத்து எனக்குப் பழக்கமில்லை. இரண்டு நிமிஷத்தில் முடிந்துவிட்டது. எல்லோரும் இன்னும் ஏதோ வரும் என்று என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். ஜெமீல் படத்தைப் போட்டான்.

பனடோல் வந்தபோது ஒருவரும் சிரிக்கவில்லை. டீவிக்குள் சிரித்தார்கள். தங்கள் சிரிப்பைத் தாங்களே கேட்டுக்கொண்டிருந்தார்கள்.

கடைசிக் கெசெட்டில் பதினெட்டாம் நாள். கமரா களத்தைப் பார்த்துக்கொண்டிருக்கிறது. நெல்லை உழுது போகிற கால்கள். ஒரு சத்தம். கால்கள் நிற்கின்றன. பிறகு படம் சரிந்து, வானமும் உமித்தூசும். அதோடு முடிந்தது.

அழகரெத்தினம் வெளியே இறங்கிப் போனான். போய்விட்டான் என்று நினைத்தேன். கிணற்றடியில் முகம் கழுவுகிற சத்தம் கேட்டது. திரும்பி வந்து, இந்த முறை உள்ளே இருந்தான்.

"தம்பி, அவ கதைக்கிறத இன்னொருக்காப் போடு."

போட்டான்.

"இன்னொருக்கா."

மூன்றாம் தடவை அவன் எழுந்து டீவிக்குப் பக்கத்தில் போய் விரலை வைத்தான். "இஞ்ச பாருங்க. பின்னால மூட்டையோட போறது நான். எனக்கும் கேட்டிரிக்கி. நடந்து போறன்."

"அந்தக் கம்பி," என்றாள் றஸ்னா, களத்தில் வயது குறைந்தவள். "நாலாம் நாள் கம்பி அறுந்து போச்சுதே. புதுக் கம்பி எடுத்துக் குடுத்தது நான்."

"மூணு அவியலெண்டா வெள்ளன வீட்ட போகலாமெண்டு சந்தோசப்பட்டது நான்," என்றார் சல்மா உம்மா. பிறகு என்னைப் பார்த்தார். "உங்கட கைதான் காக்கா. அதுல சந்தேகமில்ல. பெரிய மனிசரெண்டு பாக்க மாட்டன், வாயில உமி அடைக்கணும் உங்களுக்கு. ஆனா கைய மட்டும் பிடிச்சிக் குடுத்திட்டு, ஏறச் சொன்னவரச் சும்மா வீட்டுக்குப் போக விட ஏலா."

"அவக்கு என்ன செய்யிற?" என்று அழகரெத்தினம் கேட்டான். "என்ட தங்கச்சி கவனயீனமெண்டு எழுதிக் கிடக்கு. அதுக்கு என்ன செய்யிற?"

முதலாளிமார் மேல் முறைப்பாடு கேட்கிற தொழில் கந்தோருக்கு நாங்களும் ஒரு கடதாசி எழுதுவது என்று முடிவாயிற்று. றஸ்னா ஓ.எல். சோதனை வரை படித்தவள், அவள் எழுதினாள். வழக்கமாக முறைப்பாடு என்றால் எதிராளியின் பெயரில்தான் தொடங்கும். எங்களுடையது இப்படித் தொடங்கியது: "கீழே பெயர் வைத்திருக்கும் நாங்கள் எல்லோரும் அந்தக் கல்லைப் பதினேழு நாள் பார்த்தோம். பேசாமல் இருந்தோம். பேசியவள் ஒருத்தி. அவள் பெயர் கேதீஸ்வரி." அதற்குப் பிறகுதான் ஹாஜியார், ஏணி, மூன்று அவியல். பொயிலரைத் தெரிந்த ஒருவர் வந்து பார்த்து, மாமியின் வாய் திறந்திருக்கிறது என்று எழுதித் தரும் வரை நெருப்பு மூட்ட மாட்டோம் என்று முடிந்தது. பதினொரு பெயர். ஒப்பம் வைக்கத் தெரியாதவர்கள் பெருவிரலை வைத்தார்கள். என்னுடையது முதலாவது. பன்னிரண்டாவதாக ஜெமீல், கட்டுக்கு வெளியே தெரிந்த ஒரேயொரு விரலால் பேனையைப் பிடிக்க முடியாமல், மையில் தொட்டு வைத்தான்.

திங்கட்கிழமை நாலரை மணிக்கு எல்லோரும் மில்லில் இருந்தோம். தொட்டியில் நெல் ஊறி நாறியது. நான் பொயிலரின் வாயைத் திறந்து, சாம்பலை முழுக்க வழித்து எடுத்து, திறந்தபடியே விட்டேன். இருபத்தாறு வருடத்தில் அதன் உட்புறத்தை இருட்டாகப் பார்த்தது அன்றுதான். கேதீஸ்வரி நிற்கிற இடத்தில் ஒருவரும் நிற்கவில்லை.

ஹாஜியார் ஆறு மணிக்கு வந்தார். புகைபோக்கியை அண்ணாந்து பார்த்தார்.

"என்ன, நெருப்பு இன்னும் இல்ல?"

"இல்ல, ஹாஜியார்."

"ஒப்பம்?"

"வெச்சிட்டோம்," என்று சல்மா உம்மா எங்கள் கடதாசியின் பிரதியை நீட்டினார்.

நின்றபடியே வாசித்தார். இரண்டு தடவை வாசித்தார். "நீங்களே உங்கள மாட்டிக்கிறீங்க. விளங்குதா? இதுல முதலாவது குத்தவாளி நீங்கதான்."

"ஓம். ரெண்டாவது பக்கத்தையும் பாருங்க" என்றாள் றஸ்னா.

"காலிதீன், உனக்குப் பைத்தியமா? உன்ன மறியல்ல, கம்பிக்குள்ள போடுவாங்க."

"போடட்டும் ஹாஜியார். அங்க பொயிலர் இல்லயாம்."

அவர் அழகரெத்தினத்தின் பக்கம் திரும்பினார். "நீ சொல்லு தம்பி. இவங்கட கதையக் கேட்டு நீயும் கெடாத. உன்ட தங்கச்சிட பேரால அன்னதானத்துக்கு நானே அரிசி தாறன்."

அழகரெத்தினம் ஓர் அடி முன்னால் வந்தான். "அவ திறக்கக் கூடாத நேரத்துல திறக்கல்ல, முதலாளி. திறக்கச் சொன்ன நேரத்துலதான் திறந்தா. அத எழுதித் தாங்க. அரிசி வேணாம்."

"ஊறின நெல்லு முழுக்கப் பாழாப் போகுது. அதுக்கு யாரு பதில் சொல்லுற?"

"நெல்லுக்குப் பதில் கேக்கிற ஆள் நீங்க இரிக்கீங்க" என்றார் சல்மா உம்மா.

ஹாஜியார் காருக்குள் ஏறி, ஏறிய பிறகும் புறப்படாமல் இருந்தார். வரிப்பத்தான்சேனையிலிருந்து வேலைக்கு வேறு ஆட்களைக் கொண்டுவருவேன் என்று கண்ணாடியை இறக்கிச் சொன்னார். கொண்டுவரக் கூடியவர்தான். எங்களுக்கும் அது தெரியும்.

அன்றே புறப்பட்டோம். தொழில் கந்தோர் கல்முனையில். அங்கே டீவி இருக்காது என்று ஜெமீல் சொன்னதால் அவனுடைய டீவியையும் கெசெட் ஓட்டுகிற டெக்கையும் மில்லின் இரட்டைச் சில்லுக் கைவண்டியில், உமிச் சாக்குகளின் மேல் வைத்துக் கட்டினோம். கெசெட்டுகளைச் சல்மா உம்மா மடியில் வைத்துக் கட்டிக்கொண்டார். தள்ளியது அழகரெத்தினம். பாண்டிருப்பைக் கடக்கும்போது ஒழுங்கை வாசல்களில் சனம் நின்றது. கேதீஸ்வரியின் வீட்டு ஒழுங்கையிலிருந்து நாலைந்து பெண்கள் இறங்கி, எங்கள் பின்னால், கொஞ்சம் இடைவெளி விட்டு நடந்தார்கள்.

சந்தியில் சென்றி, ஆமிக் காவலரண். சிப்பாய் கையைக் காட்டி நிறுத்தினான். மீசை சரியாக முளைக்காத முகம். வண்டியைச் சுற்றி வந்தான். டீவியின் பின்பக்கத்தைத் தட்டினான்.

"உள்ள என்ன?" என்று தனக்குத் தெரிந்த தமிழில் கேட்டான்.

எல்லோரும் என்னைப் பார்த்தார்கள்.

"ஒரு பொம்புள," என்றேன். "மில்லுல வேல செஞ்சவ. கந்தோருக்குச் சாட்சி சொல்லப் போறா."

அவன் டீவியின் முகத்தைப் பார்த்தான். எங்களைப் பார்த்தான். அழகரெத்தினத்தின் கழுத்தைப் பார்த்தான். பிறகு மண்மூட்டைக்குப் பின்னால் போய் யாரோடோ ரேடியோவில் கதைக்கத் தொடங்கினான். நில்லுங்கள் என்று கையால் காட்டினான்.

நின்றோம். வெயில் ஏறியது. வண்டியின் கைப்பிடியைக் கீழே வைத்தால் டீவி முன்னால் சரிந்துவிடும். ஆகவே அழகரெத்தினம் அதைத் தூக்கிப் பிடித்தபடியே நின்றான். தோள் தாழத் தொடங்கியபோது சல்மா உம்மா ஒரு பக்கம் கை கொடுத்தார். மறுபக்கம் றஸ்னா பிடித்தாள். பின்னால் வந்த பாண்டிருப்புப் பெண்களில் ஒருத்தி இடைவெளியைக் கடந்து வந்து சில்லுக்கு முட்டுக்கொடுத்தாள். நானும் பிடிக்கலாம் என்று போனேன். கைப்பிடியில் எனக்கு இடம் இருக்கவில்லை.